பக்கத்து வீட்டு நானியும் ஒன்பதாம் அத்தியாயமும்

கேள்வி: தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில், சாட்ஸ்வொர்த்தில் வசிக்கும் ஓய்வு பெற்ற ஆரம்பப் பள்ளி ஆசிரியை நான். நிறவெறிச் சட்டங்களின் பேரில் கேட்டோ மேனரிலிருந்து எங்களை வெளியேற்றியபோது சிறுமியாக இருந்தேன். இங்கே வந்த நாளிலிருந்து எங்கள் வீட்டோடு ஒரே சுவரைப் பகிர்ந்துகொள்ளும் வீடு ஒரு முஸ்லிம் குடும்பத்தினுடையது. நோன்புக் காலத்தில் அங்கிருந்து சமோசா வரும். தீபாவளிக்கு எங்கள் பலகாரத் தட்டு அங்கே போகும். சில மாதங்களாக என் தம்பி, இந்தியாவிலிருந்து தனக்கு வரும் செய்திகளை எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போட்டுக்கொண்டே இருக்கிறான். காஃபிர்களைக் கண்ட இடத்தில் கொல்லும்படி குர்ஆன் 9:5 சொல்கிறதாம். ஜிஹாத் ஒவ்வொரு முஸ்லிமுக்கும் கடமையாம். எண்ணிக்கை கூடும்வரை சிரித்துப் பழகுவார்களாம். நான் நம்பவில்லை. ஆனால் அதைப் படித்துவிட்ட என் பேரன், "பக்கத்து வீட்டு நானி (பாட்டி) நம்மைக் கொன்றுவிடுவாரா?" என்று கேட்கிறான். அண்மையில் அந்த அம்மாவின் கணவர் சிறுநீரக நோயால் இறந்தார். துக்கம் கேட்கப் போனபோது, "அப்பாவின் ஜிஹாத் முடிந்தது" என்றார் மகன். எனக்குச் சுருக்கென்றது. அந்த அம்மாவிடமே இதைக் கேட்கலாமா? அவர் மனம் நோகுமா? சர்க்கரை தடவாமல் பதில் எழுதுங்கள்.

மதிப்பிற்குரிய அம்மா,

உங்கள் தம்பி அனுப்பிய வசனம் குர்ஆனில் இருக்கிறது. ஜிஹாத் என்பதில் ஆயுதப் போரும் அடங்கும். சர்க்கரை வேண்டாம் என்று நீங்களே சொல்லிவிட்டதால் இந்த இரண்டையும் முதலிலேயே ஒப்புக்கொள்கிறேன். மார்க்கக் கல்வி கற்பிப்பவர்களில் சிலர் இந்த இடத்தில் தொண்டையைச் செருமிக்கொண்டு, இஸ்லாம் என்றால் அமைதி என்று தொடங்கிவிடுவார்கள். கேட்பவர் மரியாதைக்குத் தலையாட்டுவார். வீட்டுக்குப் போனதும் தொலைபேசியில் அதே வசனம் மறுபடி வந்து நிற்கும்.

துக்க வீட்டிலிருந்து தொடங்குகிறேன். அந்த மகன் சொன்னதில் உறுத்த எதுவும் இல்லை. ஜிஹாத் என்றால் ஒரு தடையை எதிர்த்து முழு மூச்சாகப் பாடுபடுவது. தடை எது என்பதைப் பொறுத்துப் பாடுபடும் விதமும் மாறும். நோயோடு பல ஆண்டுகள் பொறுமை இழக்காமல் போராடிய ஒருவரைப் பற்றி ஒரு முஸ்லிம் மகன் சொல்லக்கூடிய உயர்ந்த சொல் அது. தாய் தந்தையரைக் கவனித்துக்கொள்வதையும் அப்படித்தான் சொல்கிறோம். படையில் சேர அனுமதி கேட்டு வந்த ஓர் இளைஞரிடம், உன் பெற்றோர் உயிரோடு இருக்கிறார்களா என்று நபிகள் நாயகம் கேட்டார். ஆம் என்றார் இளைஞர். அப்படியானால் அவர்களுக்காகப் பாடுபடு, அதுவே உன் ஜிஹாத் என்று திருப்பி அனுப்பிவிட்டார். புகாரி என்ற நபிமொழித் தொகுப்பில் உள்ள செய்தி இது.

இன்னொன்று பலருக்கும், முஸ்லிம்களுக்கும்கூட, வியப்பாக இருக்கும். குர்ஆனின் 31ஆம் அத்தியாயம் 15ஆம் வசனம், பல தெய்வங்களை வணங்கும் பெற்றோரைப் பற்றிப் பேசுகிறது. முஸ்லிமாகிவிட்ட பிள்ளையைப் பழைய வழிக்குத் திருப்ப அவர்கள் விடாமல் பாடுபட்டால், அந்த விஷயத்தில் கீழ்ப்படியாதே. ஆனால் இவ்வுலக வாழ்க்கையில் அவர்களோடு நல்லவிதமாக நடந்துகொள் என்கிறது. அங்கே பெற்றோரின் முயற்சியைக் குறிக்கும் வினைச்சொல்லும் ஜிஹாத் பிறந்த அதே வேரிலிருந்து வந்ததுதான். அதாவது, முஸ்லிம் அல்லாத பெற்றோர் தம் முஸ்லிம் பிள்ளைமீது செய்யும் 'ஜிஹாத்'. பிள்ளைக்கு இடப்படும் கட்டளையோ அன்போடு நட என்பது. வாட்ஸ்அப்பில் இது சுற்றி வந்து நான் பார்த்ததில்லை.

இனி போர். நபிகள் நாயகம் 610 முதல் 622 வரை மக்காவில் போதித்தார். அவரைப் பின்பற்றியவர்கள் அடிபட்டார்கள், ஊர்விலக்கம் செய்யப்பட்டார்கள், சிலர் கொல்லப்பட்டார்கள். திருப்பித் தாக்க அனுமதி இல்லை. ஆனால் அந்த மக்கா காலத்து வசனம் ஒன்றே (25:52) குர்ஆனைக் கொண்டு 'பெரும் ஜிஹாத்' செய்யும்படி நபிக்குச் சொல்கிறது. அப்போது அவர் கையில் படையும் இல்லை, வாளும் இல்லை. ஓதிக் காட்ட வசனங்கள் மட்டுமே இருந்தன. மதீனாவுக்குக் குடிபெயர்ந்த பிறகுதான் ஆயுதம் எடுக்க அனுமதி வந்தது. எதற்காக அந்த அனுமதி என்பதை 22ஆம் அத்தியாயத்தின் 39, 40ஆம் வசனங்கள் சொல்கின்றன: அநீதி இழைக்கப்பட்டதால், வீடுகளிலிருந்து விரட்டப்பட்டதால். இறைவன் மனிதர்களில் சிலரைக் கொண்டு சிலரைத் தடுக்காவிட்டால் துறவிகளின் மடங்களும் தேவாலயங்களும் யூத ஆலயங்களும் பள்ளிவாசல்களும் இடிக்கப்பட்டிருக்கும் என்றும் அங்கே வருகிறது. பிறருடைய வழிபாட்டிடங்கள் முதலில், பள்ளிவாசல் கடைசியில்.

2:190 வசனம், உங்களோடு போரிடுபவர்களோடு போரிடுங்கள், எல்லை மீறாதீர்கள் என்கிறது. எல்லைகள் என்னென்ன என்பது நபியின் நடைமுறையிலிருந்து தெரிகிறது. பெண்களையும் குழந்தைகளையும் கொல்வதை அவர் தடுத்தார். அவருக்குப் பின் தலைமையேற்ற அபூபக்ர், சிரியாவுக்குப் படை அனுப்பியபோது முதியவர்களைக் கொல்லாதே, பழமரங்களை வெட்டாதே, மடங்களில் இருக்கும் துறவிகளை அவர்கள் பாட்டுக்கு விட்டுவிடு என்று தளபதிக்குச் சொல்லி அனுப்பினார். தற்கொலைக்குத் தனியே தடை உண்டு (4:29). சந்தையில் குண்டு கட்டிக்கொண்டு வெடிப்பவன் இந்தத் தடைகளில் ஒன்றையல்ல, பலவற்றை ஒரே நொடியில் மீறுகிறான்.

இப்போது 9:5. தம்பி அனுப்பியது வசனத்தின் நடுப்பகுதி. புனித மாதங்கள் கழிந்ததும் இணைவைப்போரை, அதாவது பல தெய்வங்களை வணங்குவோரை, கண்ட இடத்தில் கொல்லுங்கள் என்று வருகிறது, உண்மைதான். இது கி.பி. 631 வாக்கில் வந்தது. நபிக்கும் அரேபியாவின் பல குலங்களுக்கும் இடையே உடன்படிக்கைகள் இருந்தன. 628இல் ஹுதைபிய்யாவில் மக்காவின் குறைஷியரோடு செய்துகொண்ட ஒப்பந்தம் அவற்றுள் பெயர்பெற்றது. குறைஷியரின் கூட்டாளிகள் மறுதரப்பின் கூட்டாளிகளைத் தாக்கியதில் அது முறிந்தது. ஒப்பந்தத்தை முறித்த குலங்களுக்கு நான்கு மாத அவகாசம் கொடுத்து விடுக்கப்பட்ட போர் அறிவிப்புதான் ஒன்பதாம் அத்தியாயத்தின் தொடக்கம். இதை நானாக வெளியிலிருந்து கொண்டுவந்து ஒட்டவில்லை. முந்தைய வசனத்தை (9:4) படியுங்கள்: உடன்படிக்கையை மீறாதவர்கள், உங்களுக்கு எதிராக எவருக்கும் உதவாதவர்கள் விஷயத்தில் கெடு முடியும்வரை ஒப்பந்தத்தை நிறைவேற்றுங்கள் என்கிறது. அவர்களும் இணைவைப்போர்தாம். அடுத்த வசனத்தை (9:6) படியுங்கள்: இணைவைப்போரில் ஒருவர் உங்களிடம் அடைக்கலம் கேட்டால் கொடுங்கள், இறைவாக்கைக் கேட்கட்டும், பிறகு அவருக்குப் பாதுகாப்பான இடத்தில் கொண்டுபோய்ச் சேருங்கள். மதம் மாறினால்தான் என்ற நிபந்தனை இல்லை. சற்றுத் தள்ளி 13ஆம் வசனம் காரணத்தையே கூறுகிறது: சத்தியங்களை முறித்தவர்கள், முதலில் தொடங்கியவர்கள் அவர்கள்தாம் என்று.

எல்லா இணைவைப்போரையும் கொல்வதே சட்டம் என்றால் அடைக்கலம் கேட்டவரை வழித்துணையோடு அனுப்புவது எதற்கு? நீங்கள் ஆசிரியை. ஒரு பத்தியின் நடு வாக்கியத்தை மட்டும் வெட்டி எடுத்து விடை எழுதிய மாணவனுக்கு எத்தனை மதிப்பெண் போடுவீர்களோ, அத்தனையே தம்பிக்கும் போடுங்கள்.

தம்பி இதோடு விடமாட்டார். வரலாற்றில் முஸ்லிம் அரசர்கள் நாடு பிடிக்கவில்லையா, அதற்கு ஜிஹாத் என்று பெயர் வைக்கவில்லையா என்று கேட்பார். பிடித்தார்கள், வைத்தார்கள். பேரரசுகள் விரிந்த நூற்றாண்டுகளில் எழுதப்பட்ட சட்ட நூல்கள் உலகை இஸ்லாமிய நிலம், போர் நிலம் என்று பிரித்தன. 9:5 வசனம் அதற்கு முந்தைய சமாதான வசனங்களை நீக்கிவிட்டது என்று எழுதிய குர்ஆன் விரிவுரையாளர்களும் இருந்தார்கள். இதை மறைப்பதில் பயனில்லை. இன்றைய தீவிரவாதிகள் அந்தப் பக்கங்களைத்தான் புரட்டுகிறார்கள். ஆனால் அந்த நூல்களிலேயே எதிர்க்குரலும் இருக்கிறது. போருக்குக் காரணம் மற்றவரின் நம்பிக்கையா, அவருடைய தாக்குதலா என்று இமாம்கள் வாதிட்டார்கள். தாக்குதலே காரணம் என்றனர் ஹனஃபி, மாலிக்கி என்ற சட்ட வழிகளைச் சேர்ந்தவர்கள். நம்பிக்கையின்மையே காரணம் என்ற கருத்து இமாம் ஷாஃபிஈயின் பெயரில் சொல்லப்படுகிறது. கேப் டவுன் முஸ்லிம்களில் பெரும்பாலோரைப் போல, தமிழகக் கடலோர முஸ்லிம்களைப் போல, நானும் ஷாஃபிஈ வழியில் பயின்றவன். என் இமாமின் மேல் எனக்குள்ள மதிப்பு குறையாமலே சொல்கிறேன்: இந்த ஒன்றில் ஹனஃபிகளின் வாதமே வலுவானது. குர்ஆன் போருக்குச் சொல்லும் காரணங்கள் விரட்டியடித்ததும் ஒப்பந்தத்தை முறித்ததும் முதலில் தாக்கியதும்.

எங்கள் பக்கத்தில் வழக்கமாகச் சொல்லப்படும் ஒரு பதிலையும் நான் உங்களுக்குத் தரமாட்டேன். போரிலிருந்து திரும்பிய நபிகள், சிறிய ஜிஹாதிலிருந்து பெரிய ஜிஹாதுக்கு, அதாவது மனத்தோடு போராடுவதற்கு, திரும்பியிருக்கிறோம் என்றார் என்று மேடைதோறும் கேட்டிருப்பீர்கள். அழகான செய்தி. ஆனால் அதன் அறிவிப்புத் தொடர் பலவீனமானது என்று நபிமொழி ஆய்வாளர்களே சொல்லிவிட்டார்கள். பலவீனமான தூணில் கட்டடத்தை ஏற்றினால் தம்பியைப் போன்றவர்கள் ஒரே தட்டில் சாய்த்துவிடுவார்கள். அது இல்லாமலே இந்தக் கருத்துக்கு ஆதாரம் உண்டு: தன் மனத்தோடு போராடுபவனே முஜாஹித் (ஜிஹாத் செய்பவன்) என்ற நபிமொழி திர்மிதி தொகுப்பில் ஏற்கத்தக்க அறிவிப்பாக இருக்கிறது.

ஒவ்வொரு முஸ்லிமுக்கும் ஜிஹாத் கடமை என்பதும் பாதி உண்மை. பாடுபடுதல் என்ற பொருளில் கடமை. தொழுகைக்கு விடியலில் எழுவதிலிருந்து அது தொடங்கிவிடுகிறது. போர் என்ற பொருளில், பழைய சட்ட நூல்களிலேயே அது ஆட்சித் தலைமை முடிவெடுக்கும் சமூகப் பொறுப்பு. நாடு படையெடுப்புக்கு ஆளானால்தான் நிலைமை மாறும். தெருவில் போகும் ஒருவர் காலையில் எழுந்து தானே போரை அறிவிக்க முடியாது. 2014 செப்டம்பரில், ஐ.எஸ். தீவிரவாத அமைப்பின் தலைவருக்கு எழுதிய பகிரங்கக் கடிதத்தில் 120க்கும் மேற்பட்ட முஸ்லிம் அறிஞர்கள் இதையும் குறிப்பிட்டார்கள்: சரியான காரணமும் சரியான நோக்கமும் சரியான நெறிமுறையும் இல்லாத ஜிஹாத் இஸ்லாத்தில் கிடையாது. போதாததற்கு, ஒரு நாட்டின் குடிமகனாக வாழ்வதே ஓர் உடன்படிக்கை என்பது இன்றைய சட்ட அறிஞர்கள் பலரின் கருத்து. நம் அரசியல் சட்டம் உங்கள் பக்கத்து வீட்டாருக்குத் தொழும் உரிமையையும் உங்களுக்குக் காவடி எடுக்கும் உரிமையையும் ஒரே பிரிவில் தருகிறது. உடன்படிக்கைகளை நிறைவேற்றுங்கள் (5:1) என்பது குர்ஆனின் கட்டளை.

ஜிஹாத் என்ற சொல்லுக்குத் தென்னாப்பிரிக்காவில் ஒரு முகம் உண்டென்றால் என் கண்ணுக்கு முன் வருபவர் கேப் டவுன் இமாம் அப்துல்லா ஹாரூன். கொடுங்கோல் ஆட்சியாளர் முன் நீதியான சொல்லைச் சொல்வதே சிறந்த ஜிஹாத் என்பது நபிமொழி. கிளேர்மாண்ட் பள்ளிவாசலின் இமாமாக இருந்த அவர் நிறவெறியை எதிர்த்துப் பேசினார். லாங்காவிலும் குகுலேத்துவிலும் கறுப்பின மக்களிடையே பழகினார். சிறையில் இருந்தவர்களின் குடும்பங்களுக்குப் பணம் கொண்டுபோய்க் கொடுத்தார். 1969 மே 28 அன்று பாதுகாப்புப் போலீஸ் அவரைப் பிடித்துச் சென்றது. செப்டம்பர் 27 அன்று காவலிலேயே இறந்தார். படிக்கட்டில் விழுந்துவிட்டார் என்றது போலீஸ். அது பொய், சித்திரவதையால் இறந்தார் என்று மேற்குக் கேப் உயர் நீதிமன்றம் சொல்ல 2023 அக்டோபர் வரை ஆனது. அவருக்குப் பின் வந்த தலைமுறை 1984இல் 'இஸ்லாத்தின் அழைப்பு' என்ற அமைப்பைத் தொடங்கி, நிறவெறிக்கு எதிரான ஐக்கிய ஜனநாயக முன்னணியோடு சேர்ந்து, கிறிஸ்தவப் பாதிரிமார்களோடும் இந்துக்களோடும் ஒரே ஊர்வலத்தில் நடந்தது. கேட்டோ மேனரில் உங்கள் வீட்டை இடித்த அதே சட்டங்களுக்கு எதிரான போராட்டம் அது.

இதே நாட்டில் வேறு முகங்களும் உண்டு. 2018 மே மாதம் வெருலம் பள்ளிவாசலில் மூவர் கத்தியால் தாக்கப்பட்டார்கள், ஒருவர் இறந்தார், கட்டடத்துக்குத் தீ வைக்கப்பட்டது. பக்கத்து மொசாம்பிக்கின் கபோ டெல்காடோவில் 2017 அக்டோபர் முதல் ஓர் ஆயுதக் கும்பல் ஜிஹாத் என்ற பெயரில் ஊர்களை எரித்து வருகிறது. ஆனால் கவனியுங்கள்: வெருலத்தில் தாக்கப்பட்டது ஷியா முஸ்லிம்களின் பள்ளிவாசல். கபோ டெல்காடோவில் கொல்லப்பட்டவர்களில் முஸ்லிம்கள் ஏராளம். அந்தக் கும்பல் வளர்ந்துவந்தபோதே அங்கிருந்த முஸ்லிம் தலைவர்கள் அரசை எச்சரித்திருந்தார்கள்.

எண்ணிக்கை கூடும்வரை சிரித்துப் பழகுவார்கள் என்ற குற்றச்சாட்டுக்கு என்ன பதில் சொல்வது? முறைத்தால் விரோதி, சிரித்தால் நடிகர் என்றால் அந்த அம்மா முகத்தை எப்படித்தான் வைத்துக்கொள்வார்? 1860 நவம்பரில் சென்னையிலிருந்து 342 பேரோடு டர்பனுக்கு வந்து சேர்ந்த ட்ரூரோ கப்பலிலேயே இந்துக்களும் முஸ்லிம்களும் கிறிஸ்தவர்களும் இருந்தார்கள். அன்றிலிருந்து காத்திருக்கிறார்கள் என்றால் அந்தப் பொறுமைக்காகவாவது ஒரு விருது கொடுக்கலாம். டர்பன் புரூக் வீதி மயானத்தில் பாதுஷா பீர் அடக்கத்தலத்துக்குப் போய்ப் பாருங்கள். ஒப்பந்தக் கூலியாக வந்த அந்தப் பெரியவரின் தர்காவில் இந்துக்களும் நேர்ந்துகொள்கிறார்கள்.

உங்கள் பக்கத்து வீட்டார் உங்களிடம் எப்படி நடக்க வேண்டும் என்பதை நேரடியாகச் சொல்லும் வசனம் 60:8. மதத்துக்காக உங்களோடு போரிடாத, உங்களை வீடுகளிலிருந்து விரட்டாத மக்களுக்கு நன்மை செய்வதையும் நீதி செலுத்துவதையும் இறைவன் தடுக்கவில்லை என்கிறது அது. இதுவும் நீக்கப்பட்டுவிட்டது என்று சிலர் சொன்னபோது, பத்தாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மறைந்த மாபெரும் குர்ஆன் விரிவுரையாளர் தபரீ அதை மறுத்து, எல்லா மதத்தவருக்கும் இது பொருந்தும் என்று எழுதிவைத்தார். நபித்தோழர் அப்துல்லா இப்னு அம்ர் வீட்டில் ஆடு அறுத்தபோது, நம் யூதப் பக்கத்து வீட்டாருக்குக் கொடுத்தீர்களா என்று திரும்பத் திரும்பக் கேட்டாராம். அண்டை வீட்டாரைப் பற்றி வானவர் வற்புறுத்திக்கொண்டே இருந்ததில், சொத்தில் பங்கே கொடுக்கச் சொல்லிவிடுவாரோ என்று நினைத்தேன் என்று நபிகள் சொன்னதை அவர் காரணமாகக் காட்டினார். உங்கள் வீட்டுக்கு வரும் சமோசா அந்த வரிசையில் வருவது.

அந்த அம்மாவிடம் தாராளமாகக் கேளுங்கள். ஆனால் இப்போது வேண்டாம். கணவரை இழந்த முஸ்லிம் பெண் நான்கு மாதமும் பத்து நாளும் 'இத்தா' என்னும் துக்கக் காத்திருப்பில் இருப்பார். அந்த நாட்களில் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பதே போதும். பிறகு ஒரு நாள், குடும்பக் குழுவில் இப்படி ஒன்று வந்தது, பேரன் பயந்துவிட்டான், நீங்கள் என்ன சொல்கிறீர்கள் என்று வெளிப்படையாகக் கேளுங்கள். மறைத்து வைத்து அவரைக் கவனித்துக்கொண்டிருப்பதைவிட அது மரியாதையானது. ஒருவேளை அவருக்கு வசன எண்களெல்லாம் தெரியாமல் இருக்கலாம். அதைக் குறையாக எடுத்துக்கொள்ளாதீர்கள். உங்களைக் கேட்டால் தேவாரப் பதிக எண் சொல்வீர்களா?

தம்பிக்குக் குழுவில் வைத்து நீண்ட பதில் எழுத வேண்டாம். பத்துப் பேர் முன்னால் யாரும் தோற்க விரும்பமாட்டார்கள். தனியாக அழைத்து, 9:4ஐயும் 9:6ஐயும் வாசித்துக் காட்டுங்கள். அதற்குப் பிறகும் அனுப்பினால், பேரன் கையில் போகும் தொலைபேசியில் அந்தக் குழு இருக்கக் கூடாது.

பேரனுக்கு இன்றே பதில் சொல்லுங்கள். இல்லை, கொல்லமாட்டார் என்று முதலில் தெளிவாகச் சொல்லிவிடுங்கள். விளக்கமெல்லாம் அவன் கேட்டால் போதும். அதோடு, அந்தச் செய்தியில் இருந்த காஃபிர் என்ற சொல்லைப் பள்ளியில் எங்கும் சொல்லக் கூடாது என்றும் சொல்லிவையுங்கள். அரபியில் அது இறைநம்பிக்கையை மறுப்பவரைக் குறிப்பது. வணிகர்கள் வழியாக இந்தக் கரைக்கு வந்து, கறுப்பின மக்களை இழிவுபடுத்தும் வசையாக மாறிவிட்டது. கறுப்பினக் காவலர்களை அந்தச் சொல்லால் ஏசிய ஒரு பெண்ணுக்கு 2018இல் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. சிறுவன் வாட்ஸ்அப்பில் படித்ததை வகுப்பில் ஒப்பித்தால் அவன் அம்மாவைத்தான் தலைமை ஆசிரியர் கூப்பிடுவார்.